கல்லூரி இண்டோர் ஸ்டேடியங்கள் மாணவர்களுக்குத் தினமும் திறக்கப்பட வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

பெங்களூருவில் அட்மிஷன் நேரம் வந்துவிட்டால் கல்லூரி விளம்பரங்களில் தவறாமல் ஒரு இண்டோர் ஸ்டேடியம் படம் இருக்கும். பளபளவென்று மரத்தளம், வரிசையாக விளக்கு, நடுவில் ஷட்டில் வலை. உள்ளே விளையாடுகிற பிள்ளைகளைத்தான் அந்தப் படங்களில் அதிகம் பார்க்க முடியாது. சேர்ந்த பிறகு நேரிலும் பார்க்க முடிவதில்லை என்பதால்தான் இந்தக் கடிதம்.

என் மகள் நகரத்தில் ஒரு தனியார் கல்லூரியில் படிக்கிறாள். பெயர் வேண்டாம், மற்ற பெற்றோரிடம் பேசினால் அவர்கள் பிள்ளைகள் படிக்கிற இடத்திலும் இதே கதைதான். டியூஷன் கட்டணத்தோடு விளையாட்டுக் கட்டணம் என்று தனியாக வாங்கிக்கொள்கிறார்கள், ரசீதில் அது தெளிவாக இருக்கிறது. ஆனால் முதல் வருடம் முழுக்க அவள் அந்த அரங்கத்துக்குள் போனது வரவேற்பு விழாவுக்கும் ஆண்டு விழாவுக்கும் இன்டர்னல் தேர்வு எழுதவும்தான். தோழிகளோடு பேட் எடுத்துக்கொண்டு போனால் வாட்ச்மேன் "சாவி பி.டி. சார்கிட்ட இருக்கு" என்பார், பி.டி. சாரிடம் போனால் "டீம் பிராக்டிஸ் இருக்கு, அப்புறம் வாங்க" என்பார். அந்த அப்புறம் வரவே இல்லை. கடைசியில் இந்தப் பெண்கள் ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டு, ப்ளேயோ செயலியில் தகரக் கூரை போட்ட ஒரு தனியார் கோர்ட்டை மணிக் கணக்கில் வாடகைக்கு எடுத்து விளையாடுகிறார்கள். கல்லூரிக்குக் கட்டிய பணம் ஒரு பக்கம், இது இன்னொரு பக்கம். காசு போட முடியாத பிள்ளை பேட்டைத் தொடாமலேயே டிகிரி முடித்துவிட்டுப் போகிறது, அதை நினைத்தால்தான் எனக்கு ஆற மாட்டேன் என்கிறது.

பிரகாஷ் படுகோன் சின்ன வயதில் பேட்மிண்டன் பழகிய இடம் மல்லேஸ்வரம் கனரா யூனியன் ஹால் என்பது இந்த ஊரில் பலருக்கும் தெரியும். அது கல்யாணத்துக்கு வாடகைக்கு விடுகிற கூடம். கல்யாணம் இருக்கிற அன்று விளையாட்டு கிடையாது, மற்ற நாளில் அதுதான் கோர்ட். அங்கே ஆடிப் பழகியவர் 1980-ல் ஆல் இங்கிலாந்து பட்டத்தை வென்றார், இந்தியாவிலிருந்து அதை வென்ற முதல் ஆள் அவர்தான். அன்றைக்கு வசதி இல்லை, இருந்த மண்டபத்தைக் கோர்ட் ஆக்கிக்கொண்டார்கள். இன்றைக்கு விளையாடவென்றே கோடிக்கணக்கில் செலவு செய்து கட்டிய அரங்கத்தில் மேடை போட்டு, கார்ப்பெட் விரித்து, நாற்காலி அடுக்கி, நிகழ்ச்சி மண்டபம் ஆக்கிவிட்டார்கள்.

இதில் தளத்துக்கு என்ன ஆகிறது என்பதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் நிர்வாகத்தில் இருக்கிற பலர் அதை வீட்டு டைல்ஸ் தரை மாதிரி நினைத்துக்கொள்கிறார்கள். மரத்தளம் நேராக சிமெண்டு மேல் ஒட்டியது இல்லை. பலகைக்கு அடியில் மரச்சட்டமும் ரப்பர் துண்டுகளும் வைத்திருப்பார்கள். குதித்து இறங்கும்போது தரை கொஞ்சம் அமுங்கி, முட்டியிலும் கணுக்காலிலும் விழுகிற அடியைத் தான் வாங்கிக்கொள்ளும். அந்தப் பலகையில் கறையும் கீறலும் விழக்கூடாது என்றுதான் உள்ளே தடம் பதியாத ரப்பர் அடி ஷூ கேட்கிறார்கள். அந்தத் தளத்தில் இரும்பு நாற்காலியை இழுத்தால் பாலிஷ் போய்விடும், பலகையில் பள்ளம் விழும். சாப்பாட்டுப் பந்தி நடந்து, தண்ணீர் பலகை இடுக்கில் இறங்கினால் மரம் உப்பி மேலே தூக்கிக்கொள்ளும். அப்புறம் தளம் சரியில்லை, பிள்ளைகள் விழுந்துவிடுவார்கள் என்று சொல்லி விளையாட்டை நிறுத்திவிடுவார்கள். விழா மட்டும் நடந்துகொண்டே இருக்கும், ஏனென்றால் உட்கார்ந்து பேச்சு கேட்பதற்குத் தளம் எப்படி இருந்தால் என்ன!

கூரையின் உயரம்கூட விளையாட்டுக்காகக் கணக்குப் பார்த்து வைத்ததுதான். கூடைப்பந்துக்கு மேலே குறைந்தது 7 மீட்டர் தடையில்லாமல் இருக்க வேண்டும், பெரிய சர்வதேச பேட்மிண்டன் போட்டிகளுக்கு 12 மீட்டர் கேட்கிறார்கள். லேசான காற்று அடித்தாலும் ஷட்டில் திசை மாறிவிடும் என்பதால் காற்று வரும் வழியைக்கூட யோசித்துத்தான் வைக்க வேண்டும். இவ்வளவு பார்த்துப் பார்த்துக் கட்டிவிட்டு அங்கே வளாக வேலைவாய்ப்பு முகாம் நடத்துகிறார்கள், அதற்குச் சாதாரண ஆடிட்டோரியமே போதுமே.

கூடைப்பந்து பிறந்த கதையை இங்கே சொல்லியாக வேண்டும். 1891 டிசம்பரில் அமெரிக்காவில் ஸ்பிரிங்ஃபீல்டில், ஒய்.எம்.சி.ஏ. என்கிற கிறிஸ்தவ இளைஞர் சங்கத்தின் பயிற்சிப் பள்ளி ஒன்றில், குளிர்காலத்தில் வெளியே போக முடியாமல் அடைந்து கிடந்த மாணவர்களுக்காக ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்ற ஆசிரியர் பீச் பழக்கூடைகளை மாட்டி உருவாக்கிய ஆட்டம் அது. நாலு வருடம் கழித்து, 1895-ல், பக்கத்து ஊரான ஹோலியோக்கில் வாலிபாலும் இதே போல ஒரு ஒய்.எம்.சி.ஏ.வில்தான் பிறந்தது. கோப்பை வாங்குகிற டீமுக்காக உண்டாக்கியது இல்லை, வகுப்பில் இருக்கிற எல்லோரும் ஓடியாடட்டும் என்று செய்தது. அதே ஒய்.எம்.சி.ஏ. வழியாகத்தான் இங்கேயும் இந்த ஆட்டங்கள் பரவின, 1920-ல் ஒய்.எம்.சி.ஏ.வின் ஹாரி பக் தொடங்கிய சென்னை உடற்கல்விக் கல்லூரி இன்றும் நந்தனத்தில் இருக்கிறது.

நம் ஊரில் பனி இல்லை, ஆனால் மழை இருக்கிறது. ஏப்ரல், மே மாதங்களில் சாயங்காலம் நாலு மணிக்கு மேல் இடியோடு கொட்டும், செப்டம்பர், அக்டோபரில் கேட்கவே வேண்டாம். வகுப்பு முடிந்து பிள்ளைகளுக்குக் கிடைக்கிற நேரமே அதுதான். நான் கல்லூரியில் வாலிபால் ஆடியது மண் தரையில், மழை பெய்தால் இரண்டு நாள் ஆட்டம் இல்லை. இப்போது அந்த மண் தரையும் பல வளாகங்களில் புது பிளாக்காகவும் பார்க்கிங்காகவும் மாறிவிட்டது. மிச்சம் இருப்பது கூரை போட்ட இந்த ஒரு இடம், அதற்கும் பூட்டு.

பெண் பிள்ளைகள் விஷயம் இன்னும் மோசம். சாயங்காலம் இருட்டிய பிறகு திறந்த மைதானத்தில் நிற்க அவர்கள் தயங்குவார்கள், வீட்டிலும் விட மாட்டோம். வெளிச்சமும் வாட்ச்மேனும் உள்ள, வளாகத்துக்குள்ளேயே இருக்கிற அரங்கம்தான் அவர்களுக்குச் சரியான இடம். பாதுகாப்பைக் காரணம் காட்டி அதையே ஐந்து மணிக்குப் பெண்களுக்கு மூடுகிறார்கள், பையன்கள் டீம் மட்டும் ஏழு வரை ஆடுகிறது. பாதுகாப்பு வேண்டும் என்றால் ஒரு பெண் பயிற்சியாளரை அந்த நேரத்தில் நிறுத்துங்கள், கதவைச் சாத்துவது பாதுகாப்பு ஆகாது. மாற்றுத்திறனாளிகளுக்கான 2024 பாரிஸ் பாராலிம்பிக்கில் துளசிமதி முருகேசன் வெள்ளி, மனிஷா ராமதாஸும் நித்யஸ்ரீ சிவனும் வெண்கலம் என்று பேட்மிண்டனில் மூன்று தமிழ்ப் பெண்கள் பதக்கம் வாங்கி வந்தார்களே, அதில் துளசிமதி நாமக்கல்லில் கால்நடை மருத்துவம் படித்தபடியே ஆடியவர். நான் இருக்கிற அல்சூரிலும் எத்தனை வீட்டில் அன்றைக்குக் கொண்டாடினோம்! நம் கல்லூரிகளின் அரங்க வாசலில் எத்தனை இடத்தில் சரிவுப்பாதை இருக்கிறது என்று கொஞ்சம் போய்ப் பாருங்கள். நான் பார்த்த இடங்களில் படிக்கட்டுதான் இருந்தது.

செய்ய முடியாது என்று யாரும் சொல்ல முடியாது. 2022-ல் கேலோ இந்தியா பல்கலைக்கழகப் போட்டிகளை ஜெயின் பல்கலைக்கழகம் இதே பெங்களூருவில் நடத்தியது, நாடெங்கும் இருந்து மாணவர்கள் வந்து ஆடிவிட்டுப் போனார்கள். அவ்வளவு பெரிய போட்டியை நடத்த முடிகிற ஊரில், ஒரு கல்லூரி தன் சொந்தப் பிள்ளைகளுக்கு மாலை இரண்டு மணி நேரம் கதவைத் திறக்க என்ன கஷ்டம்?

கல்லூரிகளுக்குத் தரச்சான்று கொடுக்கிற நாக் அமைப்பின் தலைமை அலுவலகம் இங்கே நாகரபாவியில்தான் இருக்கிறது. மதிப்பீட்டில் அடிப்படை வசதி என்ற பகுதியில் உள்விளையாட்டு, வெளிவிளையாட்டு வசதியைப் பற்றியும் கேட்கிறார்கள், கல்லூரியும் போட்டோ வைத்துப் பதில் எழுதுகிறது. வசதி இருக்கிறதா என்பதோடு நிற்காமல், வாரத்தில் எத்தனை மணி நேரம் சாதாரண மாணவர்களுக்குத் திறந்திருந்தது, எத்தனை பேர் வந்தார்கள், அதில் பெண்கள் எத்தனை பேர், விழாவுக்கும் தேர்வுக்கும் எத்தனை நாள் போனது என்று பதிவேட்டைக் கேட்டுப் பார்க்க வேண்டும். அந்தக் கேள்வி வருகிறது என்று தெரிந்தாலே சாவி தானாகக் கிடைக்கும்.

கல்லூரிகள் அதுவரை காத்திருக்க வேண்டியதில்லை. அரங்க வாசலில் ஒரு நேர அட்டவணை ஒட்டுங்கள், டீமுக்கு எந்த நேரம், மற்றவர்களுக்கு எந்த நேரம், பெண்களுக்கென்று எந்த நேரம் என்று எல்லோரும் பார்க்கிற மாதிரி. சாவி ஒரே ஆளிடம் இருக்க வேண்டாம், மாணவர் பிரதிநிதியிடமும் ஒன்று இருக்கட்டும். வருடத்தில் இத்தனை நாளுக்கு மேல் விழாவுக்குக் கொடுப்பதில்லை என்று முன்கூட்டியே முடிவு செய்து அறிவித்துவிடுங்கள், கொடுக்கிற நாளில் தளத்தின் மேல் கனமான விரிப்பு போடுங்கள், சாப்பாட்டை வெளியே வையுங்கள். கோடை விடுமுறையில் அரங்கம் சும்மாதான் கிடக்கிறது, அப்போது அல்சூர், ஸ்ரீராமபுரம் மாதிரி தெருவைத் தவிர விளையாட இடமில்லாத பகுதிகளின் பிள்ளைகளுக்குக் காலையில் மட்டுமாவது விட்டால் பெரிய உதவி.

பெற்றோர்களுக்கும் ஒன்று. அடுத்த மாதம் அட்மிஷனுக்குப் போகும்போது ஸ்டேடியத்தைச் சுற்றிக் காட்டுவார்கள். திறந்திருக்கும் நேரம் என்ன, அட்டவணை எங்கே ஒட்டியிருக்கிறது என்று அங்கேயே நின்று கேளுங்கள். பதிலைக் கேட்ட பிறகு பணம் கட்டுங்கள்.

இப்படிக்கு,
கல்லூரி மாணவி ஒருத்தியின் தாய்,
அல்சூர், பெங்களூரு