ராசி இல்லண்ணா, அது டிரம் பிரேக்

அண்ணா,

வர்ற செவ்வாய்க்கிழமையோடு எட்டு வருஷம். எதற்கென்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்கு, ஏற்காட்டிலிருந்து இறங்கும்போது ஒரு ஸ்கூட்டர், இரண்டு பேர், மலைப்பக்கத்து ஓடை என்ற அளவில் போதும். பெரியம்மா எழுத்தைப் பெரிசாக்கி ஃபோனில் இதையெல்லாம் படிக்கிறார். அதனால் ஆஸ்பத்திரிக் கதை இங்கே வேண்டாம்.

பாப்பாவுக்குப் பதினெட்டு முடிந்து லைசென்ஸும் வந்தாச்சு. மலையில் ஓட்டச் சொல்லிக்கொடு அத்தை என்று என்னிடம்தான் கேட்டாள். சொல்லிக்கொடுக்கப் போகிறேன். நீ அனுப்பிய வாய்ஸ் மெசேஜை இரண்டு தடவை கேட்டேன். "நம்ம குடும்பத்துக்கு மலை ராசியில்ல" என்கிறாய்.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். சேலம் கிட்டத்தட்ட 280 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, ஏற்காடு 1,500க்கு மேல். நடுவே 20 கொண்டை ஊசி வளைவு. வண்டியும் நாம் இரண்டு பேரும் சேர்ந்து 230 கிலோ என்று வை. அத்தனை எடையை அவ்வளவு உயரத்திலிருந்து இறக்கினால் கிளம்புகிற சூடு ஏறக்குறைய எட்டு லிட்டர் தண்ணீரைக் கொதிக்க வைக்கும். காற்று கொஞ்சம் வாங்கிக்கொள்ளும், சக்கரத்தோடு சேர்ந்து சுற்றுகிற இஞ்சின் நிறைய வாங்கிக்கொள்ளும். இஞ்சின் வாங்காவிட்டால் மொத்தமும் பிரேக் தலையில். நம் வண்டியில் இருந்தது 130 மில்லிமீட்டர் டிரம், சக்கரத்தின் நடுவே இருக்கிற உருளை, ஒரு சாண்கூட வராது. டிரம் சூடானால் விரிந்து, உள்ளேயிருந்து அதை அழுத்திப் பிடிக்கிற பிரேக் ஷூவை விட்டு விலகும். ஷூவின் பிடிப்பும் போய்விடும். பிறகு லிவரை எவ்வளவு இழுத்தாலும் கைதான் வலிக்கும்.

எனக்கு முதலில் வந்தது வாடை. தேங்காய் நார் கருகுகிற மாதிரி. மேலிருந்து எண்ணி ஏழாவது வளைவு. பனி, பத்தடிக்கு மேல் ஒன்றும் தெரியவில்லை. உன் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தேன். லிவர் இரண்டும் கைப்பிடியோடு ஒட்டிக்கிடந்தன, வண்டி வேகமெடுத்துக்கொண்டே இருந்தது. கீழே பஸ் ஹாரன். நீ இரண்டு காலையும் ரோட்டில் ஊன்றினாய். ஹவாய் செருப்பு தேய்ந்து கிழிகிற சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. பள்ளத்துப் பக்கம் திரும்பாமல் மலைப்பக்கம் திருப்பினாய். பிரேக் போன வண்டிக்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. அந்த அரை நொடியில் யாரும் சொல்லித்தராமல் உனக்கு அது தெரிந்திருந்தது. அதற்காக உன் காலைத் தொட்டுக் கும்பிடலாம்.

ஆனால் வீட்டுக்கு வந்து என்ன சொன்னாய்? "பின்னாடி உட்காந்து ஆடிட்டே வந்தா." எட்டு வருஷமாக எந்தக் கல்யாண வீட்டிலும் அதுதான் பேச்சு. பின்னால் இருப்பவர் ஆடினால் வண்டி தடுமாறும், பிரேக் கருகாது அண்ணா.

சரி, நானும் ஒன்று சொல்லியாகணும். டீக்கடையில் கிளம்பும்போது, "இறக்கம்தானே, ஸ்டார்ட் பண்ணாம உருட்டு, பெட்ரோல் மிச்சம்" என்றது நான். கியர் இல்லாத வண்டியில், இஞ்சினையும் சக்கரத்தையும் சேர்க்கிற கிளட்ச் ஒட்டுவது இஞ்சின் சுற்றுகிற வேகத்தில்தான். இஞ்சினை எழுப்பாமல் உருட்டினால் சக்கரம் எவ்வளவு வேகம் போனாலும் கிளட்ச் ஒட்டாது. சைக்கிள் மாதிரிதான் இறங்கும், 230 கிலோ சைக்கிள். அப்போது எனக்கு அது தெரியாது. தெரியாமல் சொன்னேன் என்பது உண்மை, சொன்னதும் உண்மை. நீ ஏன் அதை அப்பாவிடம் கடைசிவரை சொல்லவில்லை? என்னைக் காப்பாற்றவா, இல்லை தங்கச்சி பேச்சைக் கேட்டு ஓட்டினேன் என்று சொல்ல வெட்கமா? அண்ணியிடம்கூட நீ சொன்னதில்லை என்று நினைக்கிறேன். இப்போது எல்லோர் எதிரிலும் நானே சொல்லிவிட்டேன். கோபப்படாதே.

பாப்பாவுக்கு என் 150 சிசி கியர் வண்டிதான். முன் டிஸ்க்கின் பிரேக் ஆயிலை மாற்றிவிட்டேன். புது டாட் 4 ஆயில் 230 டிகிரிக்கு மேல்தான் கொதிக்கும். ஈரம் இழுத்த பழைய ஆயில் 155லேயே கொதித்துக் குமிழி விடும், லிவர் பஞ்சு மாதிரி உள்ளே போகும். முதல் நாள் மலைக்கு முன்னாலேயே இருக்கிற கோரிமேட்டுக்கு மேலே போக மாட்டோம். நிறுத்துவது மட்டும்தான். அடுத்துதான் அடிவாரம் தாண்டி ஏறுவது, எந்த கியரில் ஏறினாளோ அதே கியரில் இறங்குவது. பெரும்பாலும் இரண்டாவது. பயம் வந்தால் கை தானாகக் கிளட்சைப் பிடிக்கும். பிடித்தால் இஞ்சின் கழன்றுவிடும். அந்தக் கையை அவிழ்க்கத்தான் நாளாகும். மலைக்குப் போனால் தன்னைத் தெரிந்துகொள்ளலாம் என்று ஸ்டேட்டஸ் போடுகிறார்கள். எனக்குத் தெரிந்தவரை முதலில் தெரியவருவது இந்தக் கைதான்.

வளைவுக்கு முன்னால், நேர் ரோட்டிலேயே, இரண்டு பிரேக்கையும் அழுத்தி வேகத்தைக் குறைத்துவிட்டு விடணும். தேய்த்துக்கொண்டே வந்தால் ஆறுவதற்கு நேரம் கிடைக்காது. கண் வளைவு முடிகிற இடத்தில், சக்கரத்தில் இல்லை. பஸ் முழு ரோட்டையும் எடுக்கும், ஏறுகிற வண்டிக்குத்தான் முதல் வழி, நின்று விடணும். உள்வளைவில் டீசல் சிந்தியிருக்கும், சில்வர் ஓக் சருகு நனைந்து கிடக்கும். பனியில் ஹை பீம் போட்டால் வெள்ளைச் சுவர்தான் தெரியும். வாடை வந்தால் ஓரங்கட்டி இருபது நிமிஷம் ஆறவிடணும், தண்ணீர் ஊற்றக் கூடாது.

நாளைக்கே அவள் ஸ்கூட்டரில் போக நேர்ந்தால் அதற்கும் வழி இருக்கிறது. ஸ்டார்ட் செய்து, லேசாக முறுக்கிக் கிளட்சை ஒட்டவைத்து, பிறகு ஆக்சிலேட்டரை விடணும். ரொம்ப மெதுவானால் கிளட்ச் மறுபடி விட்டுவிடும், மறுபடி ஒரு முறுக்கு. இந்த ஒரு வரியை அன்றைக்கு யாராவது நமக்குச் சொல்லியிருக்கலாம்.

சனி, ஞாயிறு கார்க் கூட்டம் தாங்காது. அதனால்தான் செவ்வாய். தேதி தானாக அப்படி அமைந்தது, வேண்டுமென்று வைக்கவில்லை. இல்லை, வேண்டுமென்றுதான் வைத்தேன். காலை ஐந்தரைக்குக் கோரிமேட்டில் நிற்போம். உன் வண்டிக்குப் பின் பிரேக் ஷூ தேய்ந்திருக்கிறது என்று பாப்பா சொன்னாள், திங்கள்கிழமையே மாற்றிவிடு. ஷூ போட்டுக்கொண்டு வா, செருப்பு வேண்டாம்.