நிமிடத்துக்கு எத்தனை சொல்? கிருஷ்ணகிரி மாவட்ட ஆசிரியர் பயிற்றுநர்களுக்கு ஒரு திறந்த மடல்

வட்டார வள மையங்களில் பணியாற்றும் ஆசிரியர் பயிற்றுநர்களுக்கு வணக்கம்.

நான் தளிப் பக்கம் ஒரு தொடக்கப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு ஆசிரியை. பிள்ளைகள் வாய்விட்டு வாசிப்பதை அளக்கும்போது நிமிடக் கணக்கோடு நின்றுவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்ளவே இந்த மடல்.

வேகத்தை அளப்பது தேவைதான். எழுத்துக் கூட்டியே வாசிக்கும் பிள்ளை, வரி முடிவதற்குள் அதன் தொடக்கத்தை மறந்துவிடும். ஆனால் எழுத்தறிவுக்கும் எண்ணறிவுக்குமாக ஒன்றிய அரசு 2021-ல் தொடங்கிய நிபுண் பாரத் திட்டம், மூன்றாம் வகுப்புக்கு நிமிடத்துக்குக் குறைந்தது 60 சொல் என்று இலக்கு வைத்திருக்கிறது. தமிழில் 'தோட்டத்திலிருந்து', 'ஓடிக்கொண்டிருந்தார்கள்' என்பவையும் ஒரு சொல்தான், 'பூ'வும் ஒரு சொல்தான். 2022-ல் தேசியக் கல்வி ஆராய்ச்சி, பயிற்சிக் குழுமம் (என்.சி.இ.ஆர்.டி.) நடத்திய அடிப்படைக் கற்றல் ஆய்வு மொழிக்கு மொழி தனி அளவுகோல் வைத்தது. நாமும் பத்தியைத் தேர்ந்தெடுக்கும்போது சொற்களோடு எழுத்துகளையும் எண்ணிப் பார்த்தால், ஒரு பிள்ளைக்கு எளிய பத்தி, இன்னொன்றுக்குக் கடினமான பத்தி என்று அமையாது.

எனக்கு அதிகக் கவலை தருவது வேறொன்று. ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் பல பிள்ளைகள் வீட்டில் பேசுவது தெலுங்கு அல்லது கன்னடம். தமிழ் எழுத்தை வாசிக்க எழுத்து தெரிந்தால் மட்டும் போதாது, சொல்லும் தெரிந்திருக்க வேண்டும். 'கல்', 'குண்டு' இரண்டும் ககர வரிசையில்தான் தொடங்குகின்றன, ஒலி வேறு. 'குண்டு' என்று பேசிப் பழகிய பிள்ளை யோசிக்காமல் சரியாகச் சொல்லிவிடும். அந்தச் சொல்லையே கேட்டிராத பிள்ளை எழுத்தில் உள்ளபடி வாசித்துவிட்டு நம் முகத்தைப் பார்க்கும். எழுத்தை அது சரியாகத்தான் படித்திருக்கிறது, அதற்குத் தெரியாதது சொல். எழுத்து தெரியாததும் சொல் தெரியாததும் தாளில் ஒரே பிழையாகப் பதிவானால், அந்தப் பிள்ளைக்கு மறுபடியும் எழுத்துப் பயிற்சியே கொடுத்துக்கொண்டிருப்போம். அதற்கு வேண்டியது பேச்சும் கதையும்.

'வாழைப்பழம்' என்பதை 'வாளப்பளம்' என்று வாசிப்பதையும் பிழையாகக் குறிக்காதீர்கள். தமிழ்தான் பேசும் வீடுகளிலும் பாதிப் பேர் அப்படித்தானே சொல்கிறார்கள்! உச்சரிப்புப் பழக்கத்தைப் பிழையாக எண்ணக் கூடாது என்பது வாசிப்புச் சரளத்தை அளக்கும் முறைகளில் பொதுவாக உள்ள விதி. அதேபோல, பிள்ளை தானாகத் திருத்திக்கொண்டால் அது சரியான சொல். மூன்று விநாடி திணறினால் சொல்லை எடுத்துக் கொடுத்துவிட்டு மேலே போகலாம். ஒரே பத்தியை வைத்து முடிவு கட்டாமல், மூன்று பத்திகள் கொடுத்து, மூன்று மதிப்பெண்களில் நடுவில் வருவதை எடுத்தால் அன்றைய பயமும் பதற்றமும் கணக்கைக் கெடுப்பது குறையும்.

வாசித்து முடித்ததும் "கதையில என்னம்மா நடந்துச்சு?" என்று கேளுங்கள். பதில் தெலுங்கில் வந்தாலும் கன்னடத்தில் வந்தாலும் ஏற்றுக்கொள்ளுங்கள். உங்களுக்கு அந்த மொழி தெரியாவிட்டால் பக்கத்து வகுப்பு ஆசிரியரோ சத்துணவு அக்காவோ சொல்லிவிடுவார்கள். புரிந்து, ஏற்ற இறக்கத்தோடு நிதானமாக வாசிக்கும் பிள்ளையை, நிறுத்தமே இல்லாமல் மூச்சுவிடாமல் ஓட்டும் பிள்ளைக்குக் கீழே வைக்காதீர்கள்.

அப்புறம், எல்லாப் பிள்ளைகளும் பார்க்க ஒருவரை நிற்கவைத்து வாசிக்கச் சொல்வது வேண்டாம். தாழ்வாரத்தில் தனியாக உட்காரவைத்துக் கேட்டால் போதும். தமிழக அரசின் 'எண்ணும் எழுத்தும்' திட்ட வகுப்பில் பிள்ளைகளைக் கற்றல் நிலைப்படி அரும்பு, மொட்டு, மலர் என்று பிரித்துத்தான் சொல்லிக்கொடுக்கிறோம். 'நீ இன்னும் அரும்புதான்' என்று ஒரு பிள்ளையிடம் மற்றவர்கள் எதிரில் யாரும் சொல்லக் கூடாது.

பக்கத்துப் பள்ளி ஆசிரியர்கள் கூடும் குறுவள மையத்தின் அடுத்த கூட்டத்தில் இதற்கு ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள். பதிவுத் தாளில் எண்ணுக்குப் பக்கத்தில் இரண்டு கட்டங்கள் கூடுதலாக வேண்டும்: பிள்ளை வீட்டில் பேசும் மொழி, தடுமாறிய சொற்கள். மாதிரித் தாள் ஒன்றை நானே எழுதிக் கொண்டுவருகிறேன்.

இப்படிக்கு,
தளி ஒன்றியத்துத் தொடக்கப் பள்ளி ஆசிரியை ஒருவர்