வலிக்காத கட்டிக்கு நாள் குறிக்க வேண்டாம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பட்டர்வொர்த்தில் எங்கள் தாமான் பெண்களிடையே மார்பகக் கட்டியைப் பற்றிப் பேச்சு எழுந்தால், "வலிக்கவில்லையே, தீபாவளி முடியட்டும்" என்பதே வழக்கமான பதில். மார்பகப் புற்றுநோய்க் கட்டிகள் பெரும்பாலும் தொடக்கத்தில் வலிப்பதில்லை என்பதால் இப்பதில் எனக்கு அச்சமூட்டுகிறது.

ஒரே உயிரணுவில் தொடங்கும் கட்டி ஒரு சென்டிமீட்டர் அளவை எட்ட ஏறக்குறைய 30 முறை இரட்டிப்பாக வேண்டும் என்று கணக்கிடப்படுகிறது. ஆகவே, கைக்குத் தட்டுப்படும் முன்பே அது பெரும்பாலும் சில ஆண்டுகள் உடலில் இருந்திருக்கும். ஒவ்வோர் இரட்டிப்பும் சிலருக்குச் சில வாரங்களிலும் வேறு சிலருக்குப் பல மாதங்களிலும் நிகழ்கிறது. ஈஸ்ட்ரோஜன் என்னும் பெண் ஹார்மோனைப் பற்றிக்கொள்ளும் ஏற்பி உள்ள கட்டிகள் பொதுவாக மெதுவாக வளர்பவை. உயிரணு வளர்ச்சியைத் தூண்டும் ஹெர்2 புரதம் மிகுந்தவையும், ஹார்மோன் ஏற்பிகளோ ஹெர்2 மிகுதியோ இல்லாத 'டிரிப்பிள் நெகட்டிவ்' எனப்படுபவையும் விரைந்து வளரக்கூடியவை. பின்னது இளம் பெண்களிடமும் மார்பகப் புற்றுநோய் ஆபத்தைக் கூட்டும் பிஆர்சிஏ1 மரபணு மாற்றம் உடையவர்களிடமும் கூடுதலாகக் காணப்படுகிறது.

எனவே, பக்கத்து வீட்டு அக்காவின் கட்டி ஓராண்டு அப்படியே இருந்ததை வைத்து நம்முடையதை எடைபோட இயலாது. வகையை உறுதிசெய்வது, கட்டியிலிருந்து ஊசியால் சிறு துணுக்கு எடுத்துப் பார்க்கும் திசுப் பரிசோதனைதான். "ஊசி பட்டால் பரவிவிடும்" என்று அஞ்சி (படித்தவர்களும் இதைச் சொல்கிறார்கள்) நாட்டு மருந்தில் மாதங்களைக் கழிப்போர் உண்டு. மலேசியாவில் மார்பகப் புற்றுநோயாளிகளில் ஏறக்குறையப் பாதிப் பேருக்கு இந்நோய் முற்றிய நிலையான மூன்றாம் அல்லது நான்காம் கட்டத்தில்தான் கண்டறியப்படுகிறது.

அரசாங்கக் கிளினிக்குகளில் மார்பகப் பரிசோதனை செய்துகொள்ளலாம் என்பதைத் தங்கள் மகளிர் பகுதியில் அடிக்கடி வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாசகி, பட்டர்வொர்த், பினாங்கு