எங்கள் பேரையும் போடுங்கள்

மலையகக் கூத்துகளைப் படமெடுக்க வரும் ஆவணப்படக் குழுவினருக்கும், அதற்கு உதவும் கலாசார அதிகாரிகளுக்கும்,

வணக்கம். நுவரெலியாப் பக்கத்துத் தோட்டமொன்றில் 26 வருடமாகக் காமன் கூத்தில், சிவன் மன்மதனை எரித்த கதையில், அவன் மனைவி ரதியாக வேடம் கட்டுகிறேன். 4 ஆவணப்படங்களில் ஆடியிருக்கிறேன். ஒன்றிலும் என் பேர் இல்லை.

கடைசிப் படத்தைப் பக்கத்து லயத்து வீட்டுத் தம்பி போனில் காட்டினார். முடிவில் பேர்கள் ஓடின. வேன் ஓட்டியவர் பேரும் இருந்தது. நல்ல மனிதர், இருக்கட்டும். எங்களுக்கு மட்டும் "தோட்டத் தொழிலாளர்கள்" என்று ஒரே வரி. தப்படித்தவர்கள், மன்மதன், வீரபத்திரன், எமன், நான், எல்லாருக்கும் சேர்த்து அதுதான்.

மாசியில் காமன் கம்பம் ஊன்றியதிலிருந்து விரதமிருந்து, இராமுழுக்க ஆடித்தான் காமனை எரிக்கிறோம். இரவு எடுத்தது தெளிவில்லை என்று மறுநாள் திரும்ப வேடம் கட்டச் சொன்னீர்கள். ரதி புலம்பலை உச்சி வெயிலில் ஐந்து தரம் பாடினேன். தொண்டை கட்டிக்கொண்டது. அன்று வேலைக்குப் போகாததால் செக்ரோலில், அதாவது தோட்டத்து வரவுப் பதிவேட்டில், எனக்குப் பேர் விழவில்லை. தோட்டத்தில் பேர் என்றால் ஒரு நாள் சம்பளம். அரைப்பேர்கூடக் கிடைக்கவில்லை. அப்புறம் படத்திலும் பேர் இல்லையென்றால் அந்த நாள் எங்கே போனது, ஐயா?

2023இல், எங்கள் முன்னோர் இந்தியாவிலிருந்து வந்து 200 வருடமானதை நினைத்து, மலையகம் 200 என்று எத்தனை கெமராக்கள் மலையேறின! எல்லாரும் "அழிந்துவரும் கலை" என்றார்கள். அது தானாக அழியவில்லை. 1948 குடியுரிமைச் சட்டம் எங்கள் பாட்டன்மாரை நாடற்றவர்களாக்கியது. இலங்கையும் இந்தியாவும் செய்த 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு குடும்பம் குடும்பமாக இந்தியாவுக்கு அனுப்பினார்கள். எங்கள் கூத்து வாத்தியார் மன்மதன் வேடத்துக்குப் பழக்கியவரும் அப்படித்தான் போனார். இன்னொருவரைப் பழக்கியெடுக்க வாத்தியாருக்கு நாலு மாசி ஆனது. நீங்கள் பதிவுசெய்த பாட்டெல்லாம் அவர் மனதில் வைத்திருந்து எங்களுக்குக் கொடுத்தவை. அவர் இன்று உயிரோடு இல்லை. படத்திலும் இல்லை.

சரி, கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்க வந்தது ஒன்றுதான். ஆடியவர், தப்படித்தவர், பழக்கியவர் பேரைப் போடுங்கள். வெளிவந்த படங்களிலும் சேர்க்கலாம் என்று தம்பி சொல்கிறார். வரும் மாசிக்குள் தயவுசெய்து செய்யுங்கள். பிழை வராமலிருக்கப் பட்டியலை நானே எழுதி வைத்திருக்கிறேன். முதலில் வாத்தியார் பேர்.