பெரிய கோயில் நிழலோடு ஓர் ஆண்டு: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும், பொருளாளர் அவர்களுக்கும், பொதுக்குழுவிற்கு வந்திருக்கும் உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

மரம் நட்டது, வாய்க்கால் தூர்வாரக் கோரி மனுக் கொடுத்தது ஆகியவை நிகழ்ச்சிக் குறிப்பேட்டில் உள்ளன. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். இந்த ஆண்டு நம் மனத்தை நிறைத்த ஒரே வேலையைப் பற்றி மட்டும் நான் பேசுகிறேன்.

தஞ்சைக்கு வருகிறவர்களிடம் நாம் ஒரு கோபுரத்தைக் காட்டுகிறோம். அதன் நிழல் தரையில் விழாது. உச்சியில் இருப்பது 80 டன் எடையுள்ள ஒற்றைக் கல். எதிரே இருக்கும் நந்தி வளர்ந்துகொண்டே போனதால் முதுகில் ஆணி அடித்தார்கள். இப்படித்தான் சொல்லிவருகிறோம். என் தாத்தா எனக்குச் சொன்னதை நானும் என் பேத்திக்குச் சொன்னேன். "நீங்கள் பார்த்தீர்களா தாத்தா?" என்று அவள் கேட்டாள். அந்தக் கேள்வியைச் செயற்குழுவில் வைத்தேன். பார்த்துவிடுவோம் என்று முடிவாயிற்று.

பாதுகாக்கப்பட்ட வளாகம் என்பதால் தரையில் கோடு எதுவும் போடவில்லை. உறுப்பினர்கள் முறை வைத்துச் சென்று, பார்த்ததைத் தாளில் வரைந்துகொண்டு வந்தார்கள். காலையில் நிழல் மேற்கே திருச்சுற்றை நோக்கிப் படுத்திருக்கிறது. மாலையில் முகமண்டபத்தின் மேல் ஏறி நந்தி இருக்கும் பக்கம் நீளுகிறது. மார்கழியில் நண்பகலிலேயே வடபுறத் தரையில், சண்டிகேசுவரர் சன்னதி இருக்கும் பக்கத்தில், தெளிவாக விழுகிறது. அன்று உடன் வந்த பிள்ளைகள் அந்த நிழலுக்குள் ஓடி நின்றார்கள். எனக்கு அதுவே இந்த ஆண்டின் பெரிய காட்சி.

பழைய பேச்சுக்கும் ஒரு வேர் இருக்கிறது. முன்னோர் பொய் சொன்னார்கள் என்று யாரும் எண்ண வேண்டாம். விமானம், அதாவது கருவறைக்கு மேல் எழும் அந்தக் கோபுரம், சுமார் 60 மீட்டர் உயரம். அடிப்பக்கம் ஏறத்தாழ 30 மீட்டர் அகலம். அதற்கு மேல் கூம்பிக்கொண்டே போகிறது. நம் ஊரில் ஏப்ரல் மூன்றாம் வாரத்திலும் ஆகஸ்ட் கடைசி வாரத்திலும், பகல் பன்னிரண்டே கால் மணி அளவில், சூரியன் நேர் உச்சிக்கு வருகிறது. அந்த இரு தேதிகளுக்கு இடைப்பட்ட மாதங்களிலும் நண்பகல் நிழல் பெரும்பாலும் விமானத்தின் உடம்புக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. வெயில் நேரத்தில் வந்து பார்த்தவருக்கு நிழலே இல்லை என்று தோன்றியிருக்கும்.

இப்போதுள்ள நந்தி சிலை, பிற்கால நாயக்க மன்னர்கள் காலத்தது. உச்சிச் சிகரம் பல கற்களை இணைத்துக் கட்டியது என்று ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். இவற்றைச் சொல்லும்போது சிலர் முகம் வாடியதைக் கண்டேன். எனக்கு அந்த வருத்தம் புரிகிறது; ஆனால் அதில் எனக்கு உடன்பாடு இல்லை. "நாம் குடுத்தனவும் நம் அக்கன் குடுத்தனவும் நம் பெண்டுகள் குடுத்தனவும்" கல்லிலே வெட்டுக என்றான் இக்கோயிலைக் கட்டிய இராஜராஜன். தன் 25ஆம் ஆட்சியாண்டின் 275ஆம் நாளில், அதாவது 1010இல், விமானத்தின் உச்சியில் வைக்கக் கொடுத்த செப்புக்குடத்தின் எடை 3083 பலம் (பழைய எடை அளவு) என்பதுகூட அந்தக் கல்வெட்டில் இருக்கிறது. பெருந்தச்சன் குஞ்சரமல்லன் பெயர் இருக்கிறது. பலம் கணக்கு வரை எழுதிவைத்தவன், நிழல் விழாது என்று ஒரு சொல்லும் வெட்டவில்லை. மேல்தளத்தில் 108 கரணங்களில், அதாவது நடன நிலைகளில், 81 மட்டுமே செதுக்கப்பட்டிருக்கின்றன. மீதிக் கற்கள் வெறுமையாக நிற்கின்றன. நிழல் கதையைக் கேட்டுத் திரும்புகிறவர்களிடம் இதை யாரும் சொல்வதில்லை என்பதே என் மனக்குறை.

பிள்ளைகள் வரைந்த நிழல் படங்கள் வாசலில் மாட்டப்பட்டுள்ளன. வரும் ஏப்ரலில் நண்பகலுக்கு முன்பே கோயிலில் கூடுவோம். வெறுங்காலில் கல்தரை சுடும். முதியவர்கள் காலுறை அணிந்து வரவும். என் பேத்தியும் வருகிறாள்.

செயலாளர்