பெஞ்சில் பக்கத்தில் இருந்தவர்

தம்பிக்கு,

இங்கே நானும் அம்மாவும் நலம். போன வருஷம் அங்கே உன் ஐல் ஆஃப் மேன் தீவுக்கு வந்திருந்தபோது, டக்ளஸ் ஊரில் ஒரு பெஞ்சில், வெண்கலச் சிலைக்குப் பக்கத்தில் என்னை உட்கார வைத்துப் போட்டோ எடுத்தாயே, ஞாபகம் இருக்கிறதா? யார் என்று கேட்டதற்குப் பழைய காமெடி நடிகர் என்றாய், நானும் விட்டுவிட்டேன். மழை விட்ட நேரம், சிலையின் தோள் ஜில்லென்று இருந்தது. இந்த ஒரு மாதமாக அவர் படங்களைத்தான் போனில் பார்த்துக்கொண்டிருக்கிறேன். நார்மன் விஸ்டம்.

1915-ல் லண்டனில் பிறந்தவர். சின்ன வயதிலேயே அம்மா வீட்டை விட்டுப் போய்விட்டாள், அப்பா கை நீட்டுகிற ஆள். பதின்மூன்று வயதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. அப்புறம் பட்டாளத்தில் பேண்டு வாசிக்கிற பையனாகச் சேர்ந்து நம் லக்னோவரைக்கும் வந்திருக்கிறார். வாத்தியமும் குத்துச்சண்டையும் பட்டாளம் கொடுத்தவைதான். ஒருநாள் ஜிம்மில் எதிராளி இல்லாமல் தனியாகக் குத்திப் பழகியவர், வெறும் காற்றிடம் அடி வாங்கியதுபோல் ஆடிக் காட்ட, சுற்றி நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். அதில் பிடித்துக்கொண்டார்.

சம்பளத்துக்கு மேடையேறியது 1945 டிசம்பரில், லண்டன் காலின்ஸ் மியூசிக் ஹாலில், வயது முப்பது. வெரைட்டி மேடை என்றால் பாட்டு, மேஜிக், வித்தை, காமெடி எல்லாம் ஒரே ராத்திரியில் அடுத்தடுத்து வரும், உனக்குக் கிடைப்பது சில நிமிஷம், அதற்குள் சிரிக்க வைத்தாக வேண்டும். இவர் ஒரு அளவு சின்னதாகக் கோட்டு போட்டு, தொப்பியைக் கோணலாக வைத்துக்கொண்டு வந்து விழுவார். அந்த விழுகையை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். விழுகிறதற்கு ஒரு கணம் முன்னால் இந்தத் தடவை எல்லாம் சரியாக நடந்துவிடும் என்று முகத்தில் ஒரு நம்பிக்கை வரும் பார், அதுதான் எனக்குத் தொண்டையை அடைத்தது. உன் அம்மா வயிறு குலுங்கச் சிரித்தாள்.

அல்பேனியாவில் கம்யூனிஸ்ட் தலைவர் என்வர் ஹோஜா காலத்தில், மேல்நாட்டுப் படங்களை லேசில் உள்ளே விடாத ஊரில், முதலாளியிடம் மாட்டித் தவிக்கிற தொழிலாளியாக வருகிறார் என்பதால் இவர் படங்களை விட்டார்களாம். 1995-ல் அங்கே போனபோது ஜனங்கள் சூழ்ந்துகொண்டார்கள். 2000-ல் அரசியிடம் சர் பட்டம் வாங்கித் திரும்பும்போதும் தடுக்கி விழுவதுபோல் ஒரு அடி வைத்துவிட்டுத்தான் போனார்.

இதையெல்லாம் எதற்கு உனக்கு எழுதுகிறேன் என்றால், 1981-ல் ஒரு டிவி நாடகத்தில் இவர் புற்றுநோயில் சாகக்கிடக்கிற ஆளாக நடித்திருக்கிறார், காமெடியே இல்லாமல். பிறகு நிஜத்திலேயே நினைவு மங்கி, நீ இருக்கிற அதே தீவில், வயதானவர்களைப் பார்த்துக்கொள்ளும் இல்லத்தில் இருந்து, 2010 அக்டோபரில் 95 வயதில் போய்ச் சேர்ந்தார். கடைசியில் தன் படத்தைப் போட்டுக் காட்டினாலும் அது தான்தான் என்று அவருக்குத் தெரியவில்லையாம்.

அன்றைக்கு நீ போனில், மூன்று மாதமாகக் குளிப்பாட்டிவிடுகிற பெரியவர் இன்னமும் தினமும் நீ யார் என்று கேட்கிறார் என்று சொல்லி அழுதாய். நான் என்ன சொன்னேன்? இந்த வேலைக்கா இவ்வளவு தூரம் போனாய், விட்டுவிட்டு வா என்றேன். அதைச் சொல்லியிருக்கக் கூடாது, தம்பி. பெற்றவர்கள் கவனிக்காத ஒரு பிள்ளைக்குக் கடைசிக் காலத்தில் யாரோ உன்னைப்போல ஒருவர் சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டிருப்பார், வாய் துடைத்துவிட்டிருப்பார். படம் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கைதான் ஞாபகம் வருகிறது.

அந்தப் பெரியவர் முன்னால் என்ன வேலை பார்த்தார் என்று அவர் வீட்டு ஆட்கள் வரும்போது கேட்டு எழுது. அம்மா பருப்புப்பொடியும் நார்த்தங்காய் ஊறுகாயும் கட்டி வைத்திருக்கிறாள், இந்த வாரம் பார்சல் போடுகிறேன். ராத்திரி ஷிப்டு முடிந்து வரும்போது காதை மூடிக்கொண்டு வா, அங்கே காற்று பொல்லாதது.

அப்பா