வாடகை பாக்கி வச்சவங்க எல்லாம் ஏமாத்துறவங்க இல்ல: வீட்டு வசதித் துறைக்கு ஒரு திறந்த மடல்

மாண்புமிகு வீட்டு வசதித் துறை அமைச்சர் அவர்களுக்கும் துறை அதிகாரிகளுக்கும் வணக்கம்.

நான் சென்னை தம்பு செட்டி தெருவுல ஒரு டைப்பிங் சென்டர்ல 22 வருஷமா வேலை பாக்குறேன். வக்கீலுங்க சொல்லச் சொல்ல நோட்டீஸ், மனு, அஃபிடவிட்னு அடிச்சுக் குடுக்குறதுதான் என் பொழப்பு. சட்டம் படிச்சவ இல்லைங்க, ஆனா வாடகை கேஸ் பேப்பரு மட்டும் எத்தனை அடிச்சிருப்பேன்னு கணக்கே கிடையாது. அதுல முன்னாடி எல்லாம் ஒரு வார்த்தை தப்பாம வரும், "வில்ஃபுல் டிஃபால்ட்". வேணும்னே வாடகை குடுக்காம இருக்குறதுன்னு அர்த்தம். 2017ல போட்ட புது வாடகைச் சட்டம் 2019 பிப்ரவரி 22ல அமலுக்கு வந்துச்சு, அதுக்கப்புறம் போடுற புது கேஸ்ல அந்த வார்த்தையே வர்றதில்ல. அந்த வார்த்தைய திருப்பிக் குடுங்கன்னு கேக்கத்தான் இந்த மடல்.

அதுக்கு முன்னாடி இருந்த 1960ம் வருஷ வாடகைச் சட்டத்துல, வாடகை பாக்கி, காலி பண்ணச் சொல்லுங்கன்னு ஓனர் மனு போட்டாலும் அத விசாரிக்கிற ரென்ட் கன்ட்ரோலர் மொதல்ல ஒண்ணு பாக்கணும், இந்த ஆளு வேணும்னே குடுக்கலையா இல்ல குடுக்க முடியாம போச்சான்னு. வேணும்னே இல்லன்னு அவருக்கு தோணுச்சுன்னா 15 நாளைக்கு மிகாம டைம் குடுப்பாரு, அதுக்குள்ள கட்டிட்டா மனு தள்ளுபடி. 1973ல அதுல ஒரு விளக்கம் சேத்தாங்க, ஓனர் ரெண்டு மாச நோட்டீஸ் குடுத்தும் கட்டலைன்னா அது வில்ஃபுல்தான்னு. 1985ல சுந்தரம் பிள்ளை கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டும் தெளிவா சொல்லிச்சு, சும்மா பாக்கி விழுந்தாலே வில்ஃபுல் ஆயிடாது, தெரிஞ்சே, திட்டம் போட்டு குடுக்காம இருக்கணும்னு. அந்தத் தீர்ப்போட வரிங்கள எத்தனையோ பேருக்காக அடிச்சிருக்கேன், வீடு தப்பிச்சவங்களும் அதுல உண்டு.

இப்ப இருக்குற 2017ம் வருஷ சட்டத்துல பிரிவு 21 என்ன சொல்லுது? ரெண்டு மாச வாடகை பாக்கி, ஓனர் நோட்டீஸ் விடுறாரு, நோட்டீஸ் கைக்கு வந்த ஒரு மாசத்துக்குள்ள பாக்கி முழுசும் வட்டியோட கட்டணும், கட்டலைன்னா காலி பண்ணச் சொல்லி ரென்ட் கோர்ட்டுக்கு போகலாம். ஏன் கட்டலைன்னு சட்டம் கேக்கவே இல்ல. ஆஸ்பத்திரில கெடந்தவனும் கணக்கு போட்டு ஏமாத்துறவனும் ஒரே தட்டுல. ரெண்டு மாசமா இருந்த நோட்டீஸ் டைமும் ஒரு மாசமா கொறஞ்சு போச்சு.

கொடுங்கையூர்ல எங்க எதிர் வீட்டுல ஒரு அக்கா இருக்காங்க, ஒம்பது வருஷமா அதே வீடு. எக்ஸ்போர்ட் கம்பெனில டெய்லர். அவங்க வீட்டுக்காரர் ஆட்டோ ஓட்டுறவரு, டெங்கு வந்து படுத்து எந்திரிக்கவே ஒண்ணரை மாசம் ஆச்சு, அக்காவும் லீவு போட்டு கூடவே இருந்தாங்க, லீவு போட்டா சம்பளம் கெடையாது. போன வாரம் வாடகை நோட்ட எடுத்துட்டு என்கிட்ட வந்தாங்க. நாப்பது பக்க நோட்டு, அட்டை பிஞ்சு போய் செலோடேப் ஒட்டியிருக்கு. மாசா மாசம் தேதி, 7,500, ஓனரோட கையெழுத்து. கொரோனா லாக்டவுன் மாசம் கூட ஒரு வரி விடாம இருக்கு. கடைசில ரெண்டு வரி மட்டும் காலி. அந்த ரெண்டு வரிக்குத்தான் ரிஜிஸ்டர் தபால்ல நோட்டீஸ். அதுல முழுசும் இங்கிலீஷ், அக்காவுக்கு புரிஞ்சது 15,000ங்கிற எண்ணு மட்டும்தான். (பயத்துல இந்தத் தபால வாங்காம திருப்பி அனுப்புறவங்க நெறைய பேரு. தயவுசெஞ்சு அப்படி செய்யாதீங்க, வாங்க மறுத்தாலும் கெடச்ச மாதிரிதான் கோர்ட் எடுத்துக்கும்.)

இதுல எனக்கு தாங்கவே முடியாத விஷயம் அட்வான்ஸ். குடி வரும்போதே அக்கா 50,000 ரூபா குடுத்திருக்காங்க. அந்தப் பணம் ஒம்பது வருஷமா வட்டி இல்லாம ஓனர் கையில இருக்கு. அவங்க பணம் 50,000 அவருகிட்ட இருக்கும்போது 15,000க்கு இவங்க டிஃபால்டர்! பழைய சட்டத்துல ஒரு மாச வாடகைக்கு மேல அட்வான்ஸ் வாங்கவே கூடாதுன்னு இருந்துச்சு, ஊர்ல யாரும் மதிக்கல, பத்து மாசம் வாங்குனாங்க, ஆனா கேஸ்னு வந்தா அது கை குடுத்துச்சு. 1989ல ஆந்திரா சட்டத்துல வந்த கூடூர் ஓட்டல் கேஸ்ல, கூடுதல் அட்வான்ஸ் ஓனர்கிட்ட இருக்கும்போது வாடகை பாக்கின்னு காலி பண்ண சொல்ல முடியாதுன்னு சுப்ரீம் கோர்ட் சொல்லிச்சு. 1996ல நம்ம ஊரு கேஸ் ஒண்ணுலயும் அதே வழிலதான் போச்சு. புது சட்டம் அட்வான்ஸுக்கு மூணு மாசம்னு பொதுவா ஒரு அளவு வச்சாலும், பாக்கி விழுந்தா மொதல்ல அதுல கழிச்சுப் பாருங்கன்னு பிரிவு 21ல ஒரு வரி இல்ல.

ஓனருங்க பக்கமும் நியாயம் இருக்குங்க, அத மறைக்க மாட்டேன். பென்ஷன் இல்லாத பெரியவங்களுக்கு வாடகைதான் மாத்திரை செலவு. ஜார்ஜ் டவுன்ல, மயிலாப்பூர்ல இருநூறு முன்னூறு ரூபா வாடகைய வச்சுக்கிட்டு முப்பது வருஷம் அசையாம இருந்தவங்களுக்கு எதிரான மனுவும் இதே கையாலதான் அடிச்சேன், அடிக்கும்போது அந்த ஓனருங்களுக்காக வருத்தப்பட்டிருக்கேன். பழைய சட்டம் அப்படியே வரணும்னு கேக்கல. வேணும்னே ஏமாத்துறவன உடனே வெளிய அனுப்புங்க, நோவு நொடி வந்து தவறுனவங்கள அவனோட சேக்காதீங்கன்னுதான் கேக்குறேன்.

பிரிவு 21ல வேணும்னே குடுக்காததாங்கிற கேள்விய திரும்ப கொண்டு வாங்க. முடியாம போச்சுன்னு கோர்ட்டுக்கு தெரிஞ்சா தவணையில கட்ட ஆறு மாசமாவது குடுக்கட்டும். அட்வான்ஸ் இருந்தா அதுல கழிச்சது போக பாக்கி இருந்தா மட்டும் நோட்டீஸ் விடணும்னு வைங்க. அந்த நோட்டீஸ் தமிழ்ல இருக்கணும், எத்தனை நாளைக்குள்ள எங்க கட்டணும், ஓனர் வாங்க மாட்டேன்னா ரென்ட் அத்தாரிட்டிங்கிற வாடகை அதிகாரிகிட்ட எப்படி கட்டணும், தண்ணி கரண்ட நிறுத்தினா யாருகிட்ட போகணும்னு அதுலயே அச்சடிச்சு இருக்கணும். தண்ணி கரண்ட நிறுத்தக் கூடாதுன்னு உங்க சட்டத்துலயே இருக்கு, ஆனா அக்கா வீட்டுக்கு நாலு நாளா மோட்டார் போடல, எங்க வீட்டு கொழாய்லேர்ந்துதான் கொடத்துல எடுத்துட்டு போறாங்க.

அக்காவுக்கு நோட்டீஸ் வந்து இன்னியோட 17 நாள் ஆச்சு. கம்மல அடகு வச்சு 9,000 பொறட்டிட்டாங்க. ஓனர்கிட்ட நீட்டுனதுக்கு முழுசா கொண்டா, அரைகுறையா வாங்க மாட்டேன்னு கதவ சாத்திட்டாரு. மிச்சம் 6,000, அதுக்கு மேல வட்டி, இருக்குறது 13 நாள்.

இப்படிக்கு,
கொடுங்கையூர்லேர்ந்து ஒரு டைப்பிஸ்ட், நானும் வாடகை வீட்டுலதான் இருக்கேன்